தியாகராஜர் சமாதி வளாகம், திருவையாறு

தியாகராஜர் சமாதி வளாகம் என்பது தமிழ்நாட்டின் தஞ்சாவூர் மாவட்டத்திலுள்ள திருவையாற்றில், காவிரி ஆற்றின் வடகரையில் அமைந்துள்ள நினைவிடம் ஆகும். கருநாடக இசையின் மும்மூர்த்திகளுள் ஒருவராகப் போற்றப்படும் தியாகராஜர் (1767–1847) இங்கு அடக்கம் செய்யப்பட்டார். இன்று இங்கு காணப்படும் கோயிலை 1921 முதல் 1925 வரையான காலப்பகுதியில் பெங்களூர் நாகரத்தினம்மாள் (1878–1952) என்னும் பாடகி கட்டினார். இசைத்தொழிலில் தாம் ஈட்டிய பொருளையே அவர் இதற்குச் செலவிட்டார். ஆண்டுதோறும் தியாகராஜ ஆராதனை நடைபெறும் இடமும் இதுவே.

ஆராதனையைத் தொலைக்காட்சியில் மட்டும் பார்த்தவர்கள், இக்கோயிலைத் தஞ்சை மன்னர் எவரேனும் கட்டியிருக்கலாம் என்றோ, விழா நடத்தும் சபையினர் கட்டியிருக்கலாம் என்றோ எண்ணுவதுண்டு. இரண்டும் சரியல்ல. தேவதாசி மரபில் வந்த ஒரு பெண் நிலம் வாங்கி எழுப்பிய கட்டடம் இது. எனினும் ஆராதனை விழாவில் இக்கோயிலின் முன் அமர்ந்து பாடுவதற்கு அவருக்கே பதினைந்து ஆண்டுகள் வரை இடம் தரப்படவில்லை.

அமைவிடம்

திருவையாறு தஞ்சாவூருக்கு வடக்கே ஏறத்தாழப் பன்னிரண்டு கிலோமீட்டர் தொலைவில் உள்ளது. தஞ்சாவூரிலிருந்து சாலை வழியே செல்பவர் வடவாறு, வெண்ணாறு, வெட்டாறு, குடமுருட்டி, காவிரி ஆகிய ஐந்து ஆறுகளை ஒன்றன்பின் ஒன்றாகக் கடந்து ஊரை அடைகிறார். ஊரின் பெயருக்கு இந்த ஐந்து ஆறுகளைக் காரணம் காட்டுவது வழக்கம். தேவாரப் பாடல் பெற்ற ஐயாறப்பர் கோயில் இவ்வூரின் பழமையான கோயில் ஆகும். சமாதி வளாகம் அக்கோயிலிலிருந்து நடந்து செல்லும் தொலைவில், ஆற்றங்கரையை ஒட்டி உள்ளது.

ஆராதனை, புஷ்ய மாதத் தேய்பிறையின் ஐந்தாம் நாளான பகுள பஞ்சமியில் நடைபெறுகிறது. இது பெரும்பாலும் தை மாதத்திலும், சில ஆண்டுகளில் மார்கழியின் இறுதியிலும் அமையும். மேட்டூர் அணை 1934இல் கட்டி முடிக்கப்பட்ட பின்னர், ஜூன் 12இல் அணையைத் திறந்து ஜனவரி 28இல் மூடுவது பாசன வழக்கமாயிற்று. எனவே சம்பா நெல் முற்றி அறுவடையாகும் நாட்களில், ஆற்றில் இன்னும் நீர் ஓடும்போதே பெரும்பாலும் விழா வந்துவிடுகிறது.

ஆற்றங்கரைச் சமாதி

தியாகராஜர் 1767 மே 4இல் திருவாரூரில் பிறந்தார். இளமையிலேயே குடும்பத்துடன் திருவையாற்றுக்கு வந்து, திருமஞ்சன வீதியில் ஒரு வீட்டில் வாழ்ந்தார். குடும்பப் பாகப்பிரிவினையில் அவ்வீட்டின் ஒரு பகுதியே அவருக்குக் கிடைத்தது. தஞ்சாவூர் அரசவையின் பரிசுகளை அவர் ஏற்க மறுத்தார் என்பது அவரைப் பற்றி வழங்கும் செய்திகளுள் மிகவும் அறியப்பட்டது ஆகும்.

இறப்பதற்குச் சில நாட்களுக்கு முன் அவர் சந்நியாசம் பெற்றுக்கொண்டார். சந்நியாசிகளின் உடலை எரிப்பதில்லை. மண்ணில் அடக்கம் செய்து மேலே பிருந்தாவனம் எழுப்புவதே மரபு. இவ்வாறே 1847 ஜனவரி 6இல் மறைந்த தியாகராஜரின் உடல், அவருடைய ஆசிரியர் சொண்டி வேங்கடரமணய்யாவின் சமாதிக்கு அருகே காவிரிக் கரையில் அடக்கம் செய்யப்பட்டது. அவர் சந்நியாசம் பெறாமல் இறந்திருந்தால் திருவையாற்றில் வழிபாட்டுக்குரிய சமாதி ஒன்று இருந்திருக்காது.

அவருக்கு ஆண்மக்கள் இல்லை. ஒரே மகளின் மகனும் பிள்ளையின்றி இறந்தார். மாணவர்கள் உமையாள்புரம், தில்லைஸ்தானம், வாலாஜாபேட்டை எனப் பல ஊர்களிலும் பரவியிருந்தனர். ஆசிரியரின் நினைவு நாளை அவரவர் வீட்டிலேயே கொண்டாடினர். சமாதியை நாள்தோறும் கவனிக்க எவரும் இல்லை. ஏறக்குறைய அரை நூற்றாண்டுக்குப் பின், தியாகராஜரின் நேரடி மாணவர்களான உமையாள்புரம் கிருஷ்ண பாகவதர், சுந்தர பாகவதர் ஆகியோர் அங்கு சென்றபோது அது சிதைந்து கிடந்தது. அவர்கள் 1903இல் அதைச் செப்பனிட்டுக் கல்வெட்டு ஒன்றையும் பதித்தனர். இடத்தை அடையாளம் காட்டக்கூடிய நேரடி மாணவர்கள் உயிருடன் இருந்த கடைசிக் காலத்தில் இது நிகழ்ந்தது என்பதை இங்குக் கருதவேண்டும்.

ஆராதனையும் இரு கட்சிகளும்

இதனையடுத்துத் தில்லைஸ்தானம் நரசிம்ம பாகவதரும் அவருடைய தம்பி பஞ்சு பாகவதரும் திருவையாற்றிலேயே ஆராதனையை நடத்தத் தொடங்கினர். நரசிம்ம பாகவதர் 1908இல் தியாகராஜரின் பாடல்களைத் தொகுத்து நூலாக வெளியிட்டவரும் ஆவார். சில ஆண்டுகளிலேயே சகோதரர்களிடையே பிணக்கு ஏற்பட்டு, விழா இரண்டாகப் பிரிந்தது. தமையனின் பிரிவு பெரிய கட்சி எனவும், தம்பியின் பிரிவு சின்ன கட்சி எனவும் அழைக்கப்பட்டன. சின்ன கட்சியினர் பகுள பஞ்சமியன்று நிறைவுறும்படி ஐந்து நாட்கள் விழா நடத்தினர்; பெரிய கட்சியினர் அன்று தொடங்கி மேலும் நான்கு நாட்கள் நடத்தினர். பின்னாளில் பெரிய கட்சிக்கு வயலின் கலைஞர் மலைக்கோட்டை கோவிந்தசாமிப் பிள்ளை தலைமை தாங்கினார்.

பணம், தலைமை, மரியாதை எனப் பலவற்றில் இவ்விரு கட்சிகளும் மாறுபட்டன. ஆனால் ஒன்றில் ஒத்திருந்தன. இரண்டுமே பெண்களைப் பாட அனுமதிக்கவில்லை. அக்காலத்தில் மேடையேறிப் பாடிய பெண்களுள் பெரும்பாலோர் தேவதாசி மரபினர். அவர்களுடன் ஒரே பந்தலில் அமர்வதை ஆண் வித்துவான்கள் விரும்பவில்லை.

ஆண்டுக்கு ஒன்பது நாட்கள் இவ்வாறு இரண்டு விழாக்கள் நடந்தபோதும், எஞ்சிய நாட்களில் சமாதி கேட்பாரற்றே கிடந்தது.

காவிரிப் பகுதியில் பாடகியரும் நிலமும்

ஒரு பாடகி நிலம் வாங்கிக் கோயில் கட்டியது எவ்வாறு இயன்றது என்பதை அறிய, இப்பகுதியில் கலைப்பெண்டிருக்கும் நிலத்துக்கும் இருந்த பழைய தொடர்பைச் சுருக்கமாகவேனும் அறிதல் வேண்டும்.

தஞ்சைப் பெரிய கோயிலில் முதலாம் இராசராசனின் இருபத்தொன்பதாம் ஆட்சியாண்டைச் சேர்ந்த நீண்ட கல்வெட்டு ஒன்று உள்ளது. சோழ நாட்டின் பல கோயில்களிலிருந்து தஞ்சைக்குக் கொண்டுவரப்பட்ட 400 தளிச்சேரிப் பெண்டுகளின் பெயர்களை அது பட்டியலிடுகிறது. எந்தத் தெரு, எந்தச் சிறகு, எத்தனையாவது வீடு, முன்பு எக்கோயிலில் இருந்தவர் என்று ஒவ்வொருவருக்கும் குறிக்கப்பட்டுள்ளது. திருவையாற்றுக் கோயிலிலிருந்து வந்தவர்களும் அப்பட்டியலில் உள்ளனர். ஒவ்வொருவருக்கும் ஒரு வீடும், ஆண்டுக்கு நூறு கலம் நெல் கொண்ட ஒரு பங்கும் ஒதுக்கப்பட்டன. ஒருவர் இறந்தால் அவருடைய முறைமைக்காரருள் தகுதியுடையவர் அப்பங்கைப் பெற்றுப் பணி செய்யவேண்டும். கலைஞருக்கு வீடும் விளைநிலப் பங்கும் ஒருங்கே தரப்பட்டதற்கு இதைக் காட்டிலும் விரிவான பழைய பதிவு இப்பகுதியில் கிடைப்பது அரிது.

பிற்காலத்திலும் கோயில் பணிக்கென மானிய நிலங்கள் தேவதாசியருக்கு வழங்கப்பட்டன. ஆங்கிலேயர் கால நீதிமன்றங்களும் அவர்களுக்குத் தனி நிலை ஒன்றை ஏற்றன. அவர்களின் சொத்து பெண்வழியாக இறங்கியது. தாம் ஈட்டிய பொருளை அவர்கள் தம் பெயரிலேயே வைத்துக்கொண்டு, விரும்பியவாறு விற்கவும் கொடுக்கவும் முடிந்தது. மாறாக, பிற இந்துப் பெண்கள் கணவரிடமிருந்தோ தந்தையிடமிருந்தோ மரபுரிமையாகப் பெற்ற சொத்தில் வாழ்நாள் அளவிலான வரையறுக்கப்பட்ட உரிமையையே கொண்டிருந்தனர். இந்நிலை 1956ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டத்தால்தான் மாறியது.

ஆக, சமூகத்தில் தாழ்த்தி நோக்கப்பட்ட அதே நிலைதான் பத்திரப் பதிவு அலுவலகத்தில் தம் பெயரில் கையொப்பமிடும் தகுதியையும் இப்பெண்களுக்கு அளித்தது. நாகரத்தினம்மாளின் செயலைப் புரிந்துகொள்ள இது முதன்மையானது எனலாம்.

பெங்களூர் நாகரத்தினம்மாள்

நாகரத்தினம்மாள் 1878 நவம்பர் 3இல் மைசூர் நாட்டின் நஞ்சன்கூட்டில் பிறந்தார். தாயார் புட்டுலட்சுமி. இளம் அகவையில் சமசுகிருதமும், பின்னர் பெங்களூரில் முனுசாமப்பா என்பவரிடம் இசையும் கற்றார். முனுசாமப்பா, தியாகராஜரின் மாணவரான வாலாஜாபேட்டை வேங்கடரமண பாகவதரின் வழிவந்தவர். எனவே தியாகராஜரின் மாணவர் பரம்பரையில் தாமும் ஒருவர் என்ற உணர்வு நாகரத்தினம்மாளுக்கு இயல்பாகவே இருந்தது.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவர் சென்னைக்குக் குடிபெயர்ந்து, அங்கு முன்னணிப் பாடகியாக விளங்கினார். இசைத்தட்டுகளிலும் பாடினார். சென்னையில் வருமான வரி செலுத்திய முதல் பெண் கலைஞர் என அவர் குறிப்பிடப்படுகிறார். சென்னையில் சொந்த வீடும் மிகுந்த நகைகளும் அவருக்கு இருந்தன.

திருவையாற்றுக்கு வருமுன்னரே தஞ்சாவூருடன் அவருக்கு நூல்வழித் தொடர்பு ஒன்று இருந்தது. தஞ்சை மராத்திய மன்னர் பிரதாபசிம்மரின் (ஆட்சிக்காலம் 1739–1763) அவையைச் சேர்ந்த முத்துப்பழனி என்னும் பெண் கவிஞர் தெலுங்கில் ராதிகா சாந்த்வனமு என்ற காவியத்தை இயற்றியிருந்தார். அந்நூலின் அச்சுப் பதிப்பில் பாடல்கள் விடுபட்டிருந்ததையும், நூலாசிரியர் ஒரு தேவதாசி என்ற செய்தி மறைக்கப்பட்டிருந்ததையும் கண்ட நாகரத்தினம்மாள், சுவடியைத் தேடிப்பெற்று 1910இல் முழுமையான பதிப்பை வெளியிட்டார். நூல் ஒழுக்கக்கேடானது எனக் கண்டனங்கள் எழுந்தன. 1911இல் ஆங்கில அரசு அதைத் தடை செய்தது. தடை 1947இல் நீக்கப்பட்டது. ஆண்கள் எழுதும்போது குற்றமாகாத சிருங்காரம் பெண் எழுதும்போது மட்டும் குற்றமாவது ஏன் என்பதே அப்பூசலில் அவர் எழுப்பிய வினா. பின்னாளில் திருவையாற்றில் அவர் எழுப்பிய வினாவும் ஏறத்தாழ இதுவே.

தேவதாசி முறையை ஒழிக்கும் சட்ட முயற்சியை மருத்துவர் முத்துலட்சுமி ரெட்டி சென்னைச் சட்டமன்றத்தில் 1927 அளவில் தொடங்கியபோது, அதை எதிர்த்த தேவதாசியருள் நாகரத்தினம்மாளும் ஒருவர். தம் குலத்தின் கலையும் சொத்துரிமையும் இதனால் அழியும் என்பது எதிர்த்தோரின் அச்சம். கோயில் பணிக்குக் கட்டுப்பட்டிருந்த மானிய நிலங்கள் 1929ஆம் ஆண்டுச் சட்டத்தின் மூலம் தேவதாசியருக்கே உரிமையாக்கப்பட்டன. பொட்டுக்கட்டும் வழக்கம் 1947இல் சட்டப்படி தடை செய்யப்பட்டது. இன்றைய நோக்கில் முத்துலட்சுமி ரெட்டியின் பக்கமே நியாயம் என்று கூறுவது எளிது. ஆனால் எதிர்த்தவர்கள் எல்லோரும் பிற்போக்காளர் என்று ஒதுக்கிவிடுவது வரலாற்றுக்குப் பொருந்தாது.

கோயில் கட்டப்படுதல்

1920இல் முதியவரான முனுசாமப்பாவிடமிருந்து நாகரத்தினம்மாளுக்கு ஒரு கடிதம் வந்தது. தியாகராஜரின் சமாதி பாழடைந்து கிடக்கும் நிலையை அவர் அதில் வருத்தத்துடன் எழுதியிருந்தார். தியாகராஜர் நாகரத்தினம்மாளின் கனவில் தோன்றினார் என்ற செய்தியும் வழங்குகிறது. எவ்வாறாயினும் அவர் திருவையாற்றுக்கு வந்து நிலைமையை நேரில் கண்டார்.

முதற்சிக்கல் நிலம்தான். சமாதியைச் சுற்றியிருந்த இடம் பொது நிலம் அன்று. பிறர் உடைமையாக இருந்தது. விழா நடத்திய கட்சிகள் பந்தல் போட்டுப் பின் பிரித்துவிடுவதால் அவர்களுக்கு இது ஒரு தடையாக இருக்கவில்லை. நிலையான கட்டடம் எழுப்ப விரும்பியவருக்கு உரிமைப் பத்திரம் இன்றியமையாதது. நாகரத்தினம்மாள் நிலத்தை வாங்கித் தம் உரிமையாக்கிக்கொண்ட பின்னரே பணியைத் தொடங்கினார். பிற்காலத்தில் அவருடைய கோரிக்கைகளுக்கு இருந்த வலிமை, அவர் கட்டடத்துக்கு முன் நிலத்தைக் கவனித்ததிலிருந்து வந்தது.

1921 அக்டோபர் 27இல் அடிக்கல் நாட்டப்பட்டது. பிருந்தாவனத்தைக் கருவறைக்குள் கொண்டு அதன் மேல் விமானமும் முன்னால் மண்டபமும் அமைக்கப்பட்டன. தியாகராஜரின் சிலை ஒன்று செய்யப்பட்டுப் பிருந்தாவனத்தின் முன் நிறுவப்பட்டது. 1925 ஜனவரி 7இல் குடமுழுக்கு நடைபெற்றது. செலவைத் தம் சேமிப்பிலிருந்தும், நகைகளையும் சொத்துகளையும் விற்றும், கச்சேரி வருவாயிலிருந்தும் அவர் ஈடுசெய்தார். அன்றாடப் பூசைக்கும் ஏற்பாடு செய்தார். பின்னர் சென்னை வாழ்வை முற்றாக விட்டுத் திருவையாற்றிலேயே குடியேறினார்.

ஐரோப்பாவில் இதே காலத்தில் புகழ்பெற்ற ஓபரா பாடகியர் தமக்கென நாட்டுப்புற மாளிகைகளை அமைத்துக்கொண்டது இங்கு ஒப்பிடத்தக்கது. ஓபரா என்பது முழுக்கப் பாட்டாகவே நடிக்கப்படும் மேலைநாட்டு இசைநாடகம். அக்கலையில் உலகப் புகழ் பெற்ற அதெலினா பாட்டி (1843–1919), நாகரத்தினம்மாள் பிறந்த அதே 1878இல், வேல்சு நாட்டின் மலைப்பகுதியிலுள்ள கிரெய்க்-இ-நோசு என்ற மாளிகையை வாங்கினார். அதை விரிவாக்கி, 1891இல் அதனுள்ளே தமக்கென ஓர் அரங்கத்தையும் திறந்தார். அரங்கின் சாய்தளத்தைப் பொறியால் உயர்த்தி நடனக் கூடமாக்கும் வசதி அதில் இருந்தது. பாட்டி அம்மாளிகையிலேயே இறந்தார். 1921இல் அது விற்கப்பட்டு, காசநோய் மருத்துவமனையாக மாறியது.

அந்த ஆண்டில்தான் திருவையாற்றில் அடிக்கல் நாட்டப்பட்டது. பாட்டியின் அரங்கில் யார் பாடலாம் என்று முடிவு செய்பவர் பாட்டி மட்டுமே. நாகரத்தினம்மாளோ தமக்கென்று மாளிகை கட்டவில்லை. தமக்கு முன்னே வாழ்ந்த ஒரு பாடகருக்காகக் கட்டினார். அங்கு யார் பாடலாம் என்பதை முடிவு செய்தவர்கள் வேறு சிலராக இருந்தனர்.

கோயிலின் பின்புறத்தில்

குடமுழுக்கு முடிந்த பின்னர், ஆராதனை நாட்களில் சமாதியின் முன் அரிகதை நிகழ்த்த நாகரத்தினம்மாள் விரும்பினார். இரு கட்சிகளும் இசையவில்லை. கோயில் அவருடையதாக இருக்கலாம். விழா தங்களுடையது என்பது அவர்கள் நிலைப்பாடு. அவர் அதிகாரிகளிடம் முறையிட்டார். அவருடைய வாதம் தெளிவானது: தியாகராஜரின் பாடல்களைப் பாடும் தகுதி பெண்களுக்கு உண்டு எனில், அவருடைய சமாதியில் பாடும் தகுதியும் உண்டு.

அனுமதி கிடைக்காத நிலையில், 1927 முதல் அவர் பெண்களுக்கென ஆராதனை ஒன்றைத் தனியே நடத்தத் தொடங்கினார். முன்மண்டபத்தில் ஆண்களின் விழா நடக்க, பெண் கலைஞர்கள் கோயிலின் பின்புறத்தில் அமர்ந்து பாடினர். சென்னையிலிருந்தும் பிற ஊர்களிலிருந்தும் தேவதாசி மரபின் பாடகியர் பலர் இதற்காக வந்தனர். மக்கள் இதைப் பெண்கள் கட்சி என்று அழைத்தனர். இவ்வாறு ஒரே சமாதியில், ஒரே பருவத்தில் மூன்று விழாக்கள் நடைபெற்றன. இந்நிலை பத்தாண்டுகளுக்கு மேல் நீடித்தது.

உரிமையாளராகிய அவர் கோயிலைப் பூட்டிவிட்டு எல்லோரையும் வெளியேற்றியிருக்கலாமே என்று சிலர் கேட்கக்கூடும். அவர் அதைச் செய்யவில்லை. விழா நிற்பது அவருடைய நோக்கம் அன்று. அதில் தமக்கும் பிற பெண்களுக்கும் இடம் வேண்டும் என்பதே அவர் கேட்டது.

மூன்றும் ஒன்றாதல்

1940ஆம் ஆண்டை ஒட்டி, இந்தியக் குடிமைப் பணி அலுவலரும் இசை ஆர்வலருமான எஸ். ஒய். கிருஷ்ணசாமியின் முயற்சியாலும், முசிரி சுப்பிரமணிய ஐயர் முதலிய வித்துவான்களின் ஒத்துழைப்பாலும் மூன்று பிரிவுகளும் இணைந்தன. தியாகப்பிரம்ம மகோற்சவ சபை என்ற ஒரே அமைப்பு உருவாயிற்று. 1941 முதல் பெண்களும் ஆண்களுடன் ஆராதனையில் பாடினர்.

இன்று ஆராதனையின் அடையாளமாகக் கருதப்படும் பஞ்சரத்தினக் கீர்த்தனைகளின் கூட்டுப்பாடலும் இவ்விணைப்பை ஒட்டியே நிலைபெற்றது. நாட்டை, கௌளை, ஆரபி, வராளி, ஸ்ரீ ஆகிய ஐந்து இராகங்களில் அமைந்த இப்பாடல்களுள் முதலாவது சமசுகிருதத்திலும் மற்ற நான்கு தெலுங்கிலும் உள்ளன. யார் முதலில் பாடுவது, யாருக்கு எவ்வளவு நேரம் என்ற பூசல்கள் மலிந்திருந்த விழாவில், எல்லோரும் ஒருசேர அமர்ந்து ஒரே பாடலைப் பாடுவது நல்ல தீர்வாக அமைந்தது. பல நூற்றாண்டுகளாக வரும் வழக்கம் போலத் தோன்றினாலும் இதன் வயது நூறாண்டுக்கும் குறைவே.

உயிலும் அறக்கட்டளையும்

வாய்மொழி உடன்பாட்டை மட்டும் நம்பியிருக்க நாகரத்தினம்மாள் விரும்பவில்லை. 1949இல் அவர் எழுதிய உயிலில் தம் சொத்துகளை ஓர் அறக்கட்டளைக்கு உரியதாக்கினார். சமாதியில் வழிபடவும் பாடவும், தேவதாசி மரபினர் உட்படப் பெண்கள் அனைவருக்கும் ஆண்களுக்கு இணையான உரிமை இருக்கவேண்டும் என்பது அதில் விதிக்கப்பட்டது. பொட்டுக்கட்டுத் தடைச் சட்டம் நிறைவேறி இரண்டு ஆண்டுகளே ஆகியிருந்தன. பலரும் அச்சொல்லைத் தம் குடும்ப வரலாற்றிலிருந்து அழிக்க முற்பட்ட காலம் அது. அவர் அச்சொல்லைத் தவிர்க்காமல் ஆவணத்திலேயே இடம்பெறச் செய்தார்.

வித்யாசுந்தரி பெங்களூர் நாகரத்தினம்மா அறக்கட்டளை என்பது அவ்வமைப்பின் பெயர். நிலமும் கோயிலும் அறக்கட்டளையைச் சார்ந்தவை. ஆண்டு விழாவை நடத்துவது சபை. இரண்டும் வேறு வேறு என்பதைப் பல கட்டுரைகள் குழப்பிக்கொள்கின்றன.

நாகரத்தினம்மாள் 1952 மே 19இல் திருவையாற்றில் காலமானார். அவருக்கு வளாகத்திலேயே சமாதி அமைக்கப்பட்டது. அமர்ந்து கைகூப்பிய நிலையில் உள்ள அவருடைய சிலை, தியாகராஜரின் கருவறையை நேர் எதிரே நோக்கியவாறு உள்ளது.

இன்றைய நிலை

ஆராதனை விழா பல நாட்கள் நடைபெறுகிறது. மாலை நேரங்களில் குறுகிய கால அளவு கொண்ட கச்சேரிகள் ஒன்றையடுத்து ஒன்றாக நிகழும். வளரும் கலைஞர்களுக்கும் மூத்தவர்களுக்கும் இங்கு ஒரே அளவான நேரம் தரப்படுவது வழக்கம். பகுள பஞ்சமியன்று காலையில் திருமஞ்சன வீதியிலிருந்து உஞ்சவிருத்தி ஊர்வலம் சமாதியை அடையும். நாகசுர மங்கல இசைக்குப் பின் பஞ்சரத்தினக் கீர்த்தனைகள் தொடங்கும். ஆண்கள் ஒருபுறமும் பெண்கள் மறுபுறமுமாக எதிரெதிரே அமர்ந்து பாட, நடுவே சமாதிக்கு அபிடேகம் நிகழும். அகில இந்திய வானொலியும் தூர்தர்சனும் இதை நேரடியாக ஒலி, ஒளிபரப்பி வந்துள்ளன.

வளாகச் சுவர்களில் தியாகராஜரின் பாடல்கள் பொறித்த கற்கள் பதிக்கப்பட்டுள்ளன. கருவறை சிறியது, விழாப் பந்தலின் அளவைத் தொலைக்காட்சியில் கண்டுவிட்டு வருபவர்களுக்கு அதன் சிறுமை வியப்பளிக்கும்.

பாடகர் ஒருவரின் பணத்தில் எழுந்த வேறொரு கட்டடமும் திருவையாற்றில் உண்டு. தெலுங்கு, தமிழ்த் திரைப்பட நடிகரும் பாடகருமான சித்தூர் வி. நாகையா, தாம் தியாகராஜராக நடித்த தியாகய்யா (1946) படத்தின் வருவாயிலிருந்து தியாகராஜ நிலையம் என்ற தங்குமிடத்தை இங்கு அமைத்தார்.

தியாகராஜர் வாழ்ந்த திருமஞ்சன வீதி வீடு அதே வடிவில் இப்போது இல்லை. ஓடு வேய்ந்த பழைய கட்டடம் அகற்றப்பட்டு, அவ்விடத்தில் புதிய நினைவில்லம் எழுப்பப்பட்டுள்ளது. பழைய சுவர்களையும் திண்ணையையும் செப்பனிட்டுக் காத்திருக்கலாம் என்ற குறை இசை ஆர்வலர்களிடையே உண்டு.

அருகிலுள்ள பெரிய தொடர்வண்டி நிலையம் தஞ்சாவூர் ஆகும். அங்கிருந்து திருவையாற்றுக்கு நகரப் பேருந்துகள் அடிக்கடி செல்கின்றன. விழா நாட்கள் தவிர்த்த பிற நாட்களில் வளாகத்தில் கூட்டம் இராது. இசை பயிலும் மாணவர்கள் சிலர் வந்து கருவறையின் முன் அமர்ந்து பாடிவிட்டுச் செல்வதைக் காணலாம்.